அரிதாரமும் அதிகாரமும்: குஸ்டாஃப் கிரூண்ட்கென்ஸ் – ஒரு நிகழ்வு ஆய்வு

1946 மே 3. பெர்லின் நகரம் செங்கல் மேடாகக் கிடக்கிறது. இடியாமல் தப்பிய டாய்ச்செஸ் தியேட்டரில் அன்று கார்ல் ஷ்டெர்ன்ஹைம் எழுதிய 'ஸ்னாப்' நாடகம். திரை எழுகிறது. மேடையில் ஒரே ஒருவர். அவர் வாயைத் திறப்பதற்கு முன்பே கைதட்டல் தொடங்கிவிட்டது, ஓய்வேனா என்றது. முதல் வசனத்தைச் சொல்ல அவர் நெடுநேரம் காத்திருக்க வேண்டியிருந்தது.

அந்த நடிகர் குஸ்டாஃப் கிரூண்ட்கென்ஸ். சோவியத் தடுப்பு முகாமிலிருந்து வெளியே வந்து சில வாரங்கள்தான் ஆகியிருந்தன. அதற்கு முன்பு பத்தாண்டுக் காலம், ஹிட்லருக்கு அடுத்த நிலையில் இருந்த ஹெர்மன் கோரிங்கின் நாடக அரங்கை நடத்தியவர் அவர். அன்று அவர் ஏற்றிருந்த பாத்திரத்தின் பெயர் கிறிஸ்டியன் மாஸ்கே. ஜெர்மன் மொழியில் 'மாஸ்கே' என்றால் முகமூடி. ஒரு கதாசிரியர் இப்படிப் பெயர் வைத்திருந்தால் மிகை என்று சொல்லி அடித்துவிடுவோம். நடந்தது என்பதால் விட்டுவைக்க வேண்டியிருக்கிறது.

பார்வையாளர்களில் ஒருவர் மட்டும் அந்த ஆரவாரத்தைக் கேட்டுக் கசந்துபோய் உட்கார்ந்திருந்தார். அவர் கிளவுஸ் மான், எழுத்தாளர் தாமஸ் மானின் மகன், மேடையில் நின்றவரின் முன்னாள் மைத்துனர். பத்தாண்டுகளுக்கு முன்பு நாடு கடந்து வாழ்ந்தபோது, இதே நடிகரை மனத்தில் வைத்து ஒரு நாவல் எழுதியவர். அந்த நாவல் அப்போது ஜெர்மனியில் அச்சாகவில்லை. வெகு காலத்துக்கு அச்சாகவும் போவதில்லை.

குஸ்டாஃப் கிரூண்ட்கென்ஸைப் பற்றி எழுதுபவர்கள் வழக்கமாக இரண்டு கட்சியாகப் பிரிவார்கள். அவர் எத்தனை பேரைக் காப்பாற்றினார் என்று எண்ணுவது ஒரு கட்சி. எத்தனை பதவிகளை வாங்கிக்கொண்டார் என்று எண்ணுவது மற்றொன்று. இரண்டு எண்ணிக்கையும் சரிதான் என்பதே இங்குள்ள சிக்கல். எனக்கு இந்தக் கூட்டல் கழித்தலைவிட ஒவ்வொரு படியிலும் அவர் கையில் என்ன இருந்தது என்பது முக்கியமாகப் படுகிறது. அந்த வழியில் பார்த்துக்கொண்டு போகிறேன்.

டுஸெல்டார்ஃப் பையன்

பிறந்தது 1899 டிசம்பர் 22, டுஸெல்டார்ஃப் நகரில். பெற்றோர் வைத்த பெயரில் கடைசி எழுத்து 'வி'; ஜெர்மன் உச்சரிப்பில் அதுவும் 'எஃப்' ஒலிதான். அதை 'எஃப்' என்றே எழுதி வைத்துக்கொண்டார். காதில் எந்த மாற்றமும் இல்லை, சுவரொட்டியில் மட்டும் வித்தியாசம் தெரியும். ஆளைப் புரிந்துகொள்ள இது ஒன்று போதும் என்று சொல்லத் தோன்றுகிறது. ஆனால் இருபது வயதில் யார்தான் பெயரை அழகுபடுத்திப் பார்க்காமல் இருந்தார்கள்?

முதல் உலகப் போரின் கடைசிக் கட்டத்தில் படைவீரர்களுக்கான நாடகக் குழுவில் மேடையேறினார். போர் முடிந்ததும் சொந்த ஊரிலேயே லூயிஸ் டூமான்ட், குஸ்டாவ் லிண்டெமான் தம்பதியர் நடத்திய நாடகப் பள்ளியில் பயிற்சி. பிறகு ஹால்பெர்ஷ்டாட், கீல் என்று சிற்றூர் அரங்குகள். 1923இல் ஹாம்பர்க் காமர்ஷ்பீலேயில் எரிக் ஸீகல் அவரைச் சேர்த்துக்கொண்டார். அடுத்த ஐந்து ஆண்டுகளில் எழுபதுக்கும் மேற்பட்ட வேடங்கள், அவற்றோடு இயக்கமும். காலையில் ஒரு நாடகத்துக்கு ஒத்திகை, மாலையில் இன்னொரு நாடகத்தில் வேடம், நடுவில் மூன்றாவதற்கு மனப்பாடம்.

அங்கேதான் 1925இல் கிளவுஸ் மானின் நாடகமொன்றை மேடையேற்றினார். நடித்தவர்கள் நால்வர்: கிளவுஸ், அவருடைய அக்கா எரிகா, நாடகாசிரியர் வெடெகிண்டின் மகள் பமேலா, கிரூண்ட்கென்ஸ். மூவர் புகழ்பெற்ற எழுத்தாளர்களின் பிள்ளைகள். நான்காமவருக்கு அப்படி எந்தப் பின்னணியும் இல்லை. 1926 ஜூலையில் எரிகாவை மணந்தார், 1929இல் மணமுறிவு. அவருடைய நாட்டம் ஆண்கள் மீது என்பது நாடக வட்டாரத்துக்குத் தெரிந்ததே. எரிகாவின் மனமும் வேறெங்கோதான் இருந்தது. திருமணம் முறிந்ததற்காக யாரும் யாரையும் வெறுத்துவிடவில்லை. வெறுப்பு வந்தது 1933க்குப் பிறகு.

கையுறை அணிந்த கை

1928இல் பெர்லின் போனார். இயக்குநர் மாக்ஸ் ரைன்ஹார்டின் அரங்கில் இடம் கிடைத்தது. ஆனால் தலைநகரம் அவரை ஒரே அச்சில் வார்த்துவிட்டது: வழுவழுப்பான கயவன், ஒற்றைக் கண்ணாடி அணிந்த பிரபு, மிரட்டிப் பணம் பறிப்பவன். 1931இல் வெளிவந்த ஃபிரிட்ஸ் லாங்கின் 'எம்' படத்திலும் அதே இனம்தான். ஆனால் அந்த வேடத்தைச் சற்று நெருங்கிப் பார்க்க வேண்டும்.

குழந்தைகளைக் கொல்லும் ஒருவனைக் காவல்துறை தேடுகிறது. ஊரெங்கும் சோதனை நடப்பதால் குற்றவாளிகளுக்குத் தொழில் படுத்துவிட்டது. ஆகவே அவர்களும் கூட்டம் போட்டு அவனைத் தேட முடிவு செய்கிறார்கள். அந்தக் கூட்டத்தின் தலைவர் ஷ்ரென்கர், பெட்டக உடைப்பில் மன்னர். வேடம் கிரூண்ட்கென்ஸுக்கு. கட்டையான வட்டத் தொப்பி, தோல் கோட்டு, கறுப்புக் கையுறை. கூட்டாளிகள் புகை விட்டுக்கொண்டு சாய்ந்து கிடக்க, இவர் மட்டும் அலுவலகக் கூட்டத்துக்கு வந்தவர்போல் விறைப்பாக நிற்கிறார். கையை வீசி ஒரு வாக்கியத்தைத் தொடங்குகிறார். காட்சி வெட்டி, காவல்துறைக் கூட்டத்தில் உயரதிகாரி அதே கை வீச்சை முடித்து வைக்கிறார். திருடனின் சைகை அதிகாரியின் கையில் போய் முடிகிறது.

படத்தின் கடைசியில், கைவிடப்பட்ட சாராய ஆலையின் நிலவறையில் குற்றவாளிகள் கொலைகாரனை விசாரிக்கிறார்கள். பீட்டர் லோரே தரையில் புரண்டு கதறுகிறார். கிரூண்ட்கென்ஸ் குரலை அவ்வளவாக உயர்த்துவதில்லை. இவனை ஒழித்துக்கட்ட வேண்டும் என்பதை, கடனைத் திருப்பிக் கட்ட வேண்டும் என்பதுபோல் சொல்கிறார். இரண்டு ஆண்டுகள் கழித்து லோரேயும் லாங்கும் நாட்டை விட்டுப் போனார்கள். கிரூண்ட்கென்ஸ் போகவில்லை. லோரே யூதர், லாங்கின் தாயும் யூதராகப் பிறந்தவர். கிரூண்ட்கென்ஸுக்கு அந்த நெருக்கடி இல்லை. இதை மறந்துவிட்டு ஒப்பிடுவது நியாயம் ஆகாது.

1932, கவிஞர் கதே மறைந்த நூறாம் ஆண்டு. ஜெர்மனியின் பெரிய மாநிலமான பிரஷ்யாவின் அரசு நாடக அரங்கு அவருடைய 'ஃபாஸ்ட்' நாடகத்தை எடுத்தது. டிசம்பர் 2ஆம் தேதி அரங்கேற்றம். ஃபாஸ்டாக வெர்னர் கிராவுஸ், சாத்தான் மெபிஸ்டோவாக கிரூண்ட்கென்ஸ். அதுவரை மேடை மெபிஸ்டோ என்றால் கனமான குரல், உருட்டும் விழி, மிரட்டல். இவர் கொண்டுவந்தது வேகமான, மூளைக்காரச் சாத்தானை. கூர்மையாகப் பேசுகிறவன், கொஞ்சம் சர்க்கஸ்காரன், கொஞ்சம் துக்கம் தோய்ந்தவன். 1933 ஜனவரியில் இரண்டாம் பாகம். இயக்கியவர் பழைய ஆசான் லிண்டெமான். அதே மாதம் 30ஆம் தேதி ஹிட்லர் பிரதமரானார்.

அந்த நாற்காலி

ஜெர்மன் நாடக உலகம் எப்படி இயங்குகிறது என்பதை இங்கே சொல்லியாக வேண்டும். அங்கே பெரிய அரங்குகள் அரசுக்கோ நகராட்சிக்கோ சொந்தம். நடிகர்களுக்கு மாதச் சம்பளம், பருவத்துக்குப் பருவம் ஒப்பந்தம். எல்லாவற்றுக்கும் மேலே 'இன்டெண்டன்ட்'. எந்த நாடகம், யார் நடிப்பது, யாரை வைப்பது, யாரை அனுப்புவது என்பதெல்லாம் அந்த ஒரே மேசையில் தீர்மானமாகும். நம் ஊர்க் குழு முதலாளிகளுக்கு இருந்த அதிகாரம் போன்றதுதான். ஆனால் பணம் அரசாங்கத்துப் பணம்.

நாஜிகள் இதன்மேல் இன்னொரு பூட்டைப் போட்டார்கள். அவர்கள் அமைத்த நாடகச் சபையில் உறுப்பினராக இல்லாதவர் தொழில் செய்ய முடியாது. யூதர்களுக்கு இடமில்லை. யூதரை மணந்தவர்களுக்குச் சிறப்பு அனுமதி வேண்டும். அந்த அனுமதிச் சீட்டு ஒருவருடைய சோறு, பல சமயம் அவருடைய மனைவியின் உயிர்.

நாட்டின் கலாசாரம் முழுவதும், காலை இழுத்து நடக்கும் பிரசார அமைச்சர் கோயபல்ஸின் அமைச்சகத்துக்குள் போக, பிரஷ்ய அரசு அரங்கு மட்டும் பிரஷ்யாவின் முதலமைச்சர் கோரிங்கின் கையில் இருந்தது. இருவருக்கும் ஆகாது. கோயபல்ஸின் அரங்குகளைவிடத் தன்னுடையது பளபளக்க வேண்டும் என்பது கோரிங்கின் ஆசை. ஆட்சிக்கு வந்ததும் கட்சிக்கு உகந்தவர்களை அங்கே உட்கார வைத்துப் பார்த்தார்கள், சரிவரவில்லை. பிறகு கோரிங்கின் கண் கிரூண்ட்கென்ஸ் மீது விழுந்தது. கோரிங்கின் வருங்கால மனைவி எம்மி ஸொன்னமன் அதே அரங்கில் நடிகை, கிரூண்ட்கென்ஸோடு நடித்தவர். 1934இல் பதவி வந்தது. வயது முப்பத்து நான்கு. கட்சி உறுப்பினர் அல்ல.

இந்தக் கதையைச் சொல்லும்போது எல்லோரும் ஃபாஸ்ட் கதையை இழுத்துவிடுகிறார்கள்: சாத்தானுக்கு ஆன்மாவை விற்றவன் என்று. எனக்கு அது பொருந்துவதாகத் தெரியவில்லை. கதேயின் ஃபாஸ்ட் எழுதிக் கொடுத்தது ஒரே ஒரு சீட்டு, ஒரு சொட்டு ரத்தத்தில். கிரூண்ட்கென்ஸிடம் அப்படி யாரும் கேட்கவில்லை. அவருக்கு வந்தது அவ்வப்போது ஒரு தாள். 1934இல் பதவி, 1936இல் அரசு ஆலோசகர் பட்டம், 1937இல் தலைமை இன்டெண்டன்ட். ஒவ்வொரு தாளும் முந்தைய தாளைவிடக் கொஞ்சம்தான் கனம். முந்தையதில் கையெழுத்திட்டவனுக்கு அடுத்ததில் மறுக்கக் காரணம் கிடைப்பதில்லை.

ஒரே ஒரு முறை அவர் உண்மையாகவே வெளியே நின்றார். 1936இல் அவருடைய ஹாம்லெட்டுக்குப் பெரும் வரவேற்பு. பிறகு கட்சியின் நாளேடான 'ஃபோல்கிஷர் பியோபாக்டர்' அவரைக் குத்தி எழுதியது. ஆண்களின் உறவைத் தண்டிக்கும் 175ஆம் பிரிவு முந்தைய ஆண்டுதான் கடுமையாக்கப்பட்டிருந்தது. அந்தப் பிரிவில் உள்ளே போனவர்கள் என்ன ஆனார்கள் என்பதும் ஊரறிந்தது. நாடகக் கட்டுரை என்ற போர்வையில் வந்திருப்பது எதற்கான முன்னறிவிப்பு என்று அவருக்குப் புரிந்தது. சுவிட்சர்லாந்தின் பாசெல் நகருக்குப் போய்விட்டார்.

இந்த ஆய்வின் அச்சாணி பாசெல் என்பது என் எண்ணம். எல்லைக்கு அந்தப் பக்கம், ஜெர்மன் பேசும் ஊர், உயிருக்கு ஆபத்தில்லை. சூரிச் நாடக அரங்கு நாடு கடந்து வந்த ஜெர்மன் நடிகர்களால் நிரம்பிக்கொண்டிருந்த காலம். முப்பத்தாறு வயதில் அவர் பெயருக்கு அங்கே கதவு திறந்திருக்கும். கோரிங் ஆள் விட்டு அழைத்தார். பாதுகாப்புக்கு உறுதியளித்தார். வந்ததும் பிரஷ்ய அரசு ஆலோசகர் பட்டம்; அந்தப் பட்டம் இருப்பவரைக் கோரிங்கின் ஒப்புதல் இல்லாமல் கைது செய்ய முடியாது. கிரூண்ட்கென்ஸ் திரும்பினார். அதே ஆண்டு நடிகை மரியன்னே ஹோப்பேயை மணந்தார். ஊர் வாய்க்கு ஒரு பூட்டு. ஆனால் அது வெறும் பூட்டு மட்டுமே என்று ஹோப்பே ஒருநாளும் சொல்லவில்லை.

ஏன் திரும்பினார்? பயந்தவர் பயந்த இடத்துக்கே திரும்புவதற்கு ஒரு காரணம்தான் எனக்குத் தோன்றுகிறது: மேடை அங்கே இருந்தது. சூரிச்சில் அவர் ஒரு நல்ல நடிகர். பெர்லினில் ஜென்டர்மென்மார்க்ட் சதுக்கத்து அரங்கம் முழுவதும் அவருடையது.

ஒரே மேசை

அந்த மேசையிலிருந்து அவர் செய்ததைப் பார்ப்போம். ஹாம்பர்க்கில் தம்மை வளர்த்த எரிக் ஸீகலை பெர்லினுக்கு வரவழைத்துக்கொண்டார். ஸீகலின் மனைவி மிர்யம் ஹார்விட்ஸ் யூதர்; உயிர் தப்பினார். பவுல் பில்ட்டின் மனைவி யூதர். பவுல் ஹென்கெல்ஸ் பாதி யூதர், மனைவி யூதர். அவர்களுக்கெல்லாம் அனுமதி வாங்கித் தந்து, ஆண்டு தவறாமல் புதுப்பித்தார். 1925இன் நால்வரில் ஒருவரான பமேலா வெடெகிண்டும் அவர் அரங்கில்தான் இருந்தார். கம்யூனிஸ்ட் நடிகர் ஹான்ஸ் ஓட்டோ 1933 நவம்பரில் காவலில் கொல்லப்பட்டபோது, அடக்கச் செலவைக் கொடுத்தவர் கிரூண்ட்கென்ஸ் என்று சொல்லப்படுகிறது.

எர்ன்ஸ்ட் புஷ் கதை இன்னும் துல்லியமானது. புஷ் இடதுசாரிப் பாடகர், நடிகர். ஸ்பெயின் உள்நாட்டுப் போரில் குடியரசுப் படைகளுக்காகப் பாடியவர். 1943இல் நாஜி ரகசியக் காவல்துறையான கெஸ்டபோவிடம் சிக்கினார். தேசத்துரோகக் குற்றச்சாட்டு, தண்டனை மரணம். கிரூண்ட்கென்ஸ் வழக்கறிஞர்களை அமர்த்தினார். அவர்கள் எடுத்த வாதம் அழகானது. 1937இல் நீங்களே இவருடைய குடியுரிமையைப் பறித்துவிட்டீர்கள். குடிமகனே இல்லாதவன் எப்படி நாட்டுக்குத் துரோகம் செய்வான்? புஷ் தலை தப்பியது. சிறைத் தண்டனையோடு போயிற்று.

மேடையிலும் சில துணிச்சல்கள் உண்டு. 1937இல் யூர்கன் ஃபேலிங் அங்கே 'மூன்றாம் ரிச்சர்ட்' நாடகத்தை இயக்கினார். வெர்னர் கிராவுஸ் ஏற்ற கொடுங்கோலன் ஒரு காலை இழுத்து நடந்தான். ஆட்சியில் கால் ஊனமுள்ள அமைச்சர் யார் என்பதை யாரும் யாருக்கும் விளக்க வேண்டியிருக்கவில்லை.

இப்போது அதே மேசையின் மறுபுறம். 1934இல் பெர்லினுக்குத் தெற்கே ஸேஸன் என்ற இடத்தில் ஒரு பண்ணை வீட்டை வாங்கினார். அது நாட்டை விட்டுப் போன யூத வங்கியாளர் ஒருவருடையது. 1941இல் 'ஓம் க்ரூகர்' படத்தில் பிரிட்டிஷ் அமைச்சர் ஜோசப் சேம்பர்லேனாக நடித்தார். ஆங்கிலேயர் மீது வெறுப்பூட்டவே எடுக்கப்பட்ட பிரசாரப் படம் அது. கட்டாயத்தால் நடித்ததாகப் பின்னாளில் சொன்னார். இருக்கலாம். ஆனால் படத்தில் அந்தக் கட்டாயம் தெரிவதில்லை; வழக்கம்போல் நேர்த்தியாகவே செய்திருக்கிறார். அவருக்கு மோசமாக நடிக்கத் தெரியாது என்பதும் ஒரு துரதிர்ஷ்டம்தான்.

தம் அரங்கு ஒரு தீவாக இருந்தது என்பது அவருடைய வாதம். வெளியே கூச்சல், உள்ளே ஷேக்ஸ்பியர், ஷில்லர், கதே. வெறும் கட்சி நாடகங்களை முடிந்தவரை ஒதுக்கினார் என்பது உண்மை. ஆனால் அந்தத் தீவு யாருக்குத் தேவைப்பட்டது? வெளிநாட்டு விருந்தாளியை அழைத்துக்கொண்டு போய், பாருங்கள், நாங்கள் காட்டுமிராண்டிகளா என்று கேட்க கோரிங்குக்கு அது வேண்டியிருந்தது. அதனால்தான் அங்கே தரம் குறையக் கூடாது; அதனால்தான் கிரூண்ட்கென்ஸ் சொன்னால் ஒரு நடிகரின் யூத மனைவிக்கு அனுமதி நீடித்தது. ஒன்றை வைத்துக்கொண்டு இன்னொன்றைக் கழிக்க வழியில்லை. காப்பாற்றும் சக்தி எங்கிருந்து வந்ததோ, அங்கேதான் அவர் பெயர் அடகில் இருந்தது.

1943 பிப்ரவரியில் கோயபல்ஸ் முழுப் போர் என்று முழங்கினார். அதன் பிறகு கிரூண்ட்கென்ஸ் தாமாகவே படையில் சேர்ந்து, நெதர்லாந்தில் விமான எதிர்ப்புப் பிரிவுக்குப் போனார். பதவியிலிருந்து நழுவ அதுவே வழி என்று நினைத்திருக்கலாம். கோரிங் அடுத்த ஆண்டே திரும்ப அழைத்துக்கொண்டார். 1944 செப்டம்பரில் நாட்டின் எல்லா அரங்குகளும் மூடப்பட்டன.

முகாமும் கைதட்டலும்

சோவியத் படை பெர்லினுக்குள் வந்ததும் அவரைப் பிடித்து அடைத்தது. யாம்லிட்ஸ் உள்ளிட்ட முகாம்களில் ஒன்பது மாதங்கள். வெளியே வர அவருக்காகப் பேசியவர்களில் எர்ன்ஸ்ட் புஷ் ஒருவர். அதன் பிறகுதான் முதலில் சொன்ன அந்த மே மாத மாலை.

அந்தக் கைதட்டலை என்னவென்று படிப்பது? கிளவுஸ் மானுக்கு அதில் வெட்கமில்லாத ஒரு நகரம் கேட்டது. அவர் இடத்தில் இருந்தால் எனக்கும் அப்படித்தான் கேட்டிருக்கும். ஆனால் அந்த இருக்கைகளில் இருந்தவர்கள் பத்தாண்டுகளாக அவர் அரங்குக்கு டிக்கெட் வாங்கியவர்கள். அவருக்குத் தட்டியபோது தங்கள் மாலைப்பொழுதுகளுக்கும் சேர்த்தே தட்டியிருப்பார்கள்: நாங்கள் அன்று பார்த்தது கலைதான், வேறொன்றும் இல்லை என்று.

அதன் பின் தடையில்லாத ஏற்றம். 1947 முதல் டுஸெல்டார்ஃபில், 1955 முதல் ஹாம்பர்க் டாய்ச்செஸ் ஷாவ்ஷ்பீல்ஹவுஸில் தலைமை. நாடு கடந்து திரும்பியவர்கள் பலர் வேலை தேடிக்கொண்டிருந்த ஆண்டுகள் அவை.

நடுவே ஒரு கடிதம். 1949 ஜனவரியில் நாடகாசிரியர் பெர்டோல்ட் பிரெக்ட் அவருக்கு எழுதினார்: "'கசாப்புக் கூடங்களின் புனித யோஹன்னா' நாடகத்தை மேடையேற்ற 1932இல் என்னிடம் அனுமதி கேட்டீர்கள். என் பதில்: சரி." நடுவில் போன பதினேழு ஆண்டுகளைப் பற்றி ஒரு சொல்கூட இல்லை. இதைவிட நயமாக ஒருவரை அறைய முடியுமா என்று தெரியவில்லை. மன்னிக்கவும் முடியுமா என்று தெரியவில்லை. கிரூண்ட்கென்ஸ் அதை 1959இல் ஹாம்பர்க்கில் மேடையேற்றினார். பிரெக்ட் இறந்து ஏறக்குறைய மூன்று ஆண்டுகள் ஆகியிருந்தன. யோஹன்னாவாக நடித்தவர் பிரெக்டின் மகள் ஹன்னே ஹியோப்.

1957 ஏப்ரலில் மறுபடியும் ஃபாஸ்ட். வில் குவாட்ஃப்ளீக் ஃபாஸ்ட். மேடை வடிவம் தேயோ ஓட்டோ. மாஸ்கோவுக்கும் லெனின்கிராடுக்கும் 1959இல் போனது, 1961இல் நியூயார்க். நல்லவேளையாக 1960இல் அது படமாகவும் பிடிக்கப்பட்டது. இயக்கியவர் அவருடைய வளர்ப்பு மகன் பீட்டர் கோர்ஸ்கி. நாடகத்தை நாடகமாகவே காட்டும் படம். பலகை அடித்த மேடை தெரிகிறது, திரைச்சீலை தெரிகிறது.

அதில் அந்த முகத்தைப் பார்க்க வேண்டும். சுண்ணாம்பு வெள்ளை அரிதாரம். தலையோடு ஒட்டிய கறுப்பு. புருவங்கள் நெற்றியை நோக்கிப் பாயும் இரண்டு கோடுகள். உதடு மட்டும் சிவப்பு. முகபாவம் அசைய இடமே இல்லாத ஒப்பனை என்றுதான் முதலில் தோன்றும். நம் தெருக்கூத்தில் அரிதாரம் ஆளை மறைத்துப் பாத்திரத்தை எழுப்பும். இங்கே நடப்பது வேறு. வெள்ளைப் பரப்பில் கண்கள் மட்டும் உயிரோடு இருக்கின்றன. எதிரில் பேசுபவர் வாக்கியத்தை முடிக்கும் முன்பே அவருடைய பலவீனம் எது என்று கண்டுபிடித்துவிட்ட கண்கள். புதிதாகப் படிக்க வந்த மாணவனுக்கு, ஃபாஸ்டின் அங்கியை மாட்டிக்கொண்டு மெபிஸ்டோ அறிவுரை சொல்லும் காட்சியில் அறுபது வயதுக்காரர் பூனை போல உலவுகிறார். உலோகத் தகடு போன்ற குரல். ஒவ்வொரு மெய்யெழுத்தும் தனித்தனியாகக் கேட்கிறது. சூனியக்காரிகள் கூடும் வால்புர்கிஸ் இரவுக் காட்சியில் அணுகுண்டின் காளான் மேகம் எழுகிறது. காலத்துக்குச் செய்த சலுகை. அதை மறந்துவிடலாம், கண்களை மறக்க முடியாது.

1963இல் ஹாம்பர்க் பதவியை விட்டார். வாழ்க்கையில் முதல் முறையாக ஒத்திகை இல்லாத பயணம், உலகைச் சுற்றி. அக்டோபர் 7, மணிலா ஹோட்டல் அறையில் இறந்து கிடந்தார். அளவுக்கு மீறிய தூக்க மாத்திரை, உள்ளே ரத்தக் கசிவு. ஓர் உறையின் மேல் உடன் வந்தவருக்கு எழுதியிருந்தார்: தூக்க மருந்து அதிகமாக எடுத்துவிட்டேன் போலிருக்கிறது, ஒரு மாதிரியாக இருக்கிறது, என்னைத் தூங்கி முடிக்க விடு. தற்கொலையா, தவறா என்று இன்றும் வாதாடுகிறார்கள். எனக்கு அந்த வரிகளில் கைப்பிசகுதான் தெரிகிறது.

வழக்கு

நாவலின் கதைக்கு வருவோம். கிளவுஸ் மானின் 'மெபிஸ்டோ' 1936இல் ஆம்ஸ்டர்டாமில், நாடு கடந்தோரின் நூல்களை வெளியிட்ட குவெரிடோ பதிப்பகத்தில் வந்தது. கதாநாயகன் ஹென்ட்ரிக் ஹோஃப்கன்: ஹாம்பர்க் நடிகர், கோரிங்கை ஒத்த தளபதியின் தயவால் உயர்கிறவர், புகழ்பெற்ற வேடம் மெபிஸ்டோ. இதில் வருபவர்கள் வகைமாதிரிகள், உருவப்படங்கள் அல்லர் என்று ஆசிரியர் குறிப்பு வைத்தார். யாரும் நம்பவில்லை. ஓர் இடத்தில் மட்டும் அவர் கைவைக்கவில்லை: ஆண் நாட்டத்தைக் கதாநாயகனுக்குக் கொடுக்காமல் வேறொரு ரகசியத்தைக் கொடுத்தார். தாமும் அதே நாட்டம் கொண்டவர். அந்த ஆயுதத்தை எடுக்கவில்லை.

நாவலாக அது ஏற்ற இறக்கம் உடையது என்றே சொல்வேன். கோபம் பல இடங்களில் கேலிச்சித்திரமாக இறங்கிவிடுகிறது. ஆனால் 1936லேயே, பாசெல் பயணம் நடந்த அதே ஆண்டிலேயே, ஓர் ஆளின் வருங்காலத்தை இவ்வளவு கண்டுபிடித்து எழுதியதற்கு வேறு உதாரணம் சட்டென்று நினைவுக்கு வரவில்லை.

போருக்குப் பிறகு ஒரு மேற்கு ஜெர்மன் பதிப்பகம் அதை வெளியிட ஒப்புக்கொண்டு, 1949இல் பின்வாங்கியது. காரணம் வெளிப்படையாகவே எழுதப்பட்டது: இங்கே கிரூண்ட்கென்ஸ் இப்போது மிக முக்கியமான இடத்தில் இருக்கிறார். அந்த மே மாதம் 21ஆம் தேதி கிளவுஸ் மான் கான் நகரில் தற்கொலை செய்துகொண்டார். அந்தக் கடிதம்தான் காரணம் என்று சொல்வது எளிது. அவருக்குப் பழைய மனச்சோர்வும் போதைப் பழக்கமும் இருந்தன. ஒரு கடிதத்தின் தலையில் எல்லாவற்றையும் கட்டக் கூடாது.

கிழக்கு ஜெர்மனியில் 1956இல் நாவல் வந்தது. மேற்கில் மியூனிக்கின் நிம்ஃபன்புர்கர் பதிப்பகம் அறிவித்தபோது, 1964இல் பீட்டர் கோர்ஸ்கி வழக்குத் தொடுத்தார். முதல் நீதிமன்றம் தள்ளுபடி செய்தது. 1966இல் ஹாம்பர்க் மேல்முறையீட்டு நீதிமன்றம் தடை விதித்தது. 1933க்குப் பிந்தைய நாடக உலகைப் பற்றி, நாடு கடந்த ஒருவரின் பார்வையிலிருந்து தவறான சித்திரத்தைப் பெறுவதில் பொதுமக்களுக்கு நாட்டமில்லை என்று தீர்ப்பில் ஒரு வாக்கியம் இருந்தது. உயிருக்கு அஞ்சி ஓடியவரின் பார்வை ஐயத்துக்குரியது, உள்ளே இருந்தவரின் பார்வை இயல்பானது என்பது அதன் பொருள். 1946இன் கைதட்டல் இருபது ஆண்டுகள் கழித்து நீதிமன்றத்தில் கேட்கிறது.

1968இல் கூட்டாட்சி உச்ச நீதிமன்றம் தடையை உறுதி செய்தது. வழக்கு அரசியலமைப்பு நீதிமன்றத்துக்குப் போனது. அரசியலமைப்பு கலைக்கு முழுச் சுதந்திரம் தருகிறது. அதே அரசியலமைப்பின் முதல் வரி மனித மாண்பு மீறத்தகாதது என்கிறது. செத்தவருக்கும் மாண்பு உண்டா? உண்டு, ஆனால் நினைவு மங்க மங்க அந்தப் பாதுகாப்பும் மங்கும் என்றது நீதிமன்றம். 1971 பிப்ரவரி 24இல் நீதிபதிகள் மூவருக்கு மூவர் என்று பிரிந்தார்கள். சமநிலையில் மேல்முறையீடு தோற்றுப்போகும், தடை நின்றது. எர்வின் ஷ்டைன், வில்ட்ராவுட் ரூப்-ஃபான் ப்ருன்னெக் இருவரும் தனித்தனியாக மாற்றுத் தீர்ப்பு எழுதினார்கள். நாவலை நாவலாகப் படிக்காமல், உண்மைக்கும் கதைக்கும் கணக்குப் பார்த்தது தவறு என்பது ஷ்டைனின் கருத்து.

1981இல் ரோவோல்ட் பதிப்பகம் மலிவுப் பதிப்பாக நாவலைக் கொண்டுவந்தது. அதே ஆண்டு அந்த நாவலை வைத்து இஷ்ட்வான் சாபோ எடுத்த படமும் வந்து, அடுத்த ஆண்டு சிறந்த பிறமொழிப் படத்துக்கான ஆஸ்கரை வாங்கியது. புத்தகம் அள்ளிக்கொண்டு போனது. யாரும் வழக்குப் போடவில்லை. 1971 தீர்ப்பு ரத்தாகவும் இல்லை.

அந்தத் தீர்ப்பை ஜெர்மன் சட்ட மாணவர்கள் முதல் சில பருவங்களிலேயே படித்துவிடுகிறார்கள். நாற்பத்தைந்து ஆண்டுகள் மேடையில் இருந்தவரின் ஹாம்லெட்டையோ ஷ்டெர்ன்ஹைமையோ பார்த்தவர்கள் அவர்களில் யாரும் இல்லை. பாடப் புத்தகத்தில் வழக்கின் பெயர் 'மெபிஸ்டோ'.